பகல் வெளிச்சம் குறைந்தாலும் இரவுத் தூக்கம் கெடும்: உடல் கடிகாரம் பற்றி ஓர் எளிய விளக்கம்

தூக்கம் வரவில்லை என்று யாராவது சொன்னால் உடனே கிடைக்கும் அறிவுரை, "போனைத் தள்ளி வை" என்பதுதான். தவறான அறிவுரை இல்லை. ஆனால் அது பாதிதான். மீதிப் பாதி பகலிலேயே நடந்து முடிந்துவிடுகிறது, அதைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. இரவில் கண்ணில் விழும் வெளிச்சம் தூக்கத்தைக் கெடுப்பது போலவே, பகலில் கண்ணில் விழாமல் போன வெளிச்சமும் கெடுக்கிறது. எப்படி என்று புரிந்துகொண்டால், தூக்கத்துக்காக நாம் செய்யும் பல முயற்சிகளின் வரிசையே மாறிவிடும்.

முதலில் சில எண்கள். ஒரு பரப்பின் மேல் எவ்வளவு வெளிச்சம் விழுகிறது என்பதை லக்ஸ் என்ற அலகில் சொல்வார்கள். முழுநிலவு தரும் வெளிச்சம் 0.3 லக்ஸைத் தாண்டாது. விளக்குப் போட்ட வீட்டு அறையில் 50 முதல் 200 லக்ஸ் வரை இருக்கும். நல்ல வெளிச்சமான அலுவலகத்தில் 300 முதல் 500. வாசலைத் தாண்டி வெளியே போனால் கணக்கே வேறு. மேகம் மூடிய பகலில்கூடப் பல ஆயிரம் லக்ஸ், வெயில் நாளில் நிழலான இடத்தில் 10,000 அளவில், நேரடி வெயிலில் 1,00,000 வரை. நாள் முழுக்க அறைக்குள் இருப்பவருக்கும் வெளியே நிழலில் நிற்பவருக்கும் இடையே ஐம்பது மடங்கு, நூறு மடங்கு வித்தியாசம் சாதாரணமாக இருக்கும்.

நமக்கு அப்படித் தெரிவதே இல்லை, அதுதான் சிக்கல். வெளிச்சம் கூடினால் கண்பாவை சுருங்கும், விழித்திரை தன் உணர்திறனைக் குறைத்துக்கொள்ளும். குறைந்தால் எல்லாம் எதிர்த்திசையில் நடக்கும். பார்ப்பதற்கு இது மிகவும் வசதியான ஏற்பாடு. ஆனால் வெளிச்சத்தின் அளவைப் பற்றி நம் மனம் தரும் தீர்ப்பு இதனால் நம்பத்தகாததாகிவிடுகிறது. "நல்ல வெளிச்சமாகத்தானே இருக்கிறது" என்று நமக்குத் தோன்றும் அறை, உடலின் கணக்கில் அந்தி நேரம்.

கண்ணில் பார்ப்பதற்கென்று இல்லாத செல்கள்

விழித்திரையில் குச்சி செல்கள், கூம்பு செல்கள் என இரண்டு வகை ஒளி உணரும் செல்கள் இருப்பதாகப் பள்ளியில் படித்திருப்போம். மங்கலான வெளிச்சத்தில் பார்க்கக் குச்சி, நிறம் பார்க்கக் கூம்பு. நூறாண்டுகளுக்கும் மேலாக இவ்வளவுதான் என்றே அறிவியலாளர்களும் நினைத்திருந்தார்கள். ஆனால் பொருந்தாத சில விஷயங்கள் இருந்தன. 1995-இல் வெளியான ஓர் ஆய்வில், பார்வையை முழுவதும் இழந்த சிலரின் கண்ணில் பிரகாசமான ஒளி விழுந்தபோது அவர்களின் உடலில் மெலடோனின் என்ற இரவு ஹார்மோன் குறைந்தது. அவர்களுக்கு எதுவும் தெரியவில்லை, ஆனாலும் வெளிச்சம் வந்ததை உடல் அறிந்தது. குச்சியும் கூம்பும் இல்லாத எலிகளிலும் இதே போன்ற முடிவு கிடைத்தது.

விடை வந்த வழி விசித்திரமானது. இக்னாசியோ ப்ரொவென்சியோ என்ற ஆய்வாளரும் அவருடைய குழுவினரும் 1998-இல் தவளையின் தோல் செல்களில் ஒளியை உணரும் ஒரு புரதத்தைக் கண்டுபிடித்து மெலனாப்சின் என்று பெயரிட்டார்கள். இரண்டே ஆண்டுகளில் அது மனித விழித்திரையிலும் இருப்பது தெரிந்தது. 2002-இல், இந்தப் புரதத்தைக் கொண்ட நரம்பு செல்கள் குச்சி, கூம்பின் உதவியே இல்லாமல் தாமாக ஒளியை உணர்கின்றன என்பது உறுதியானது. ஒவ்வொரு கண்ணிலும் இவை சில ஆயிரம்தான். 480 நானோமீட்டர் அலைநீளத்தை ஒட்டிய ஒளிக்கு, அதாவது தெளிவான பகல் வானத்தின் நீலத்துக்கு, இவை மிக அதிகமாகத் துடிக்கும். உருவம், நிறம், அசைவு எதையும் இவை பெரிதாகக் கவனிப்பதில்லை. வெளிச்சம் எவ்வளவு, எவ்வளவு நேரமாக இருக்கிறது என்று நிதானமாகக் கூட்டிக்கொண்டே போவதுதான் இவற்றின் வேலை.

கூட்டிய கணக்கு நேராக மூளைக்குப் போகிறது. இரண்டு கண்களின் பார்வை நரம்புகளும் குறுக்கே சந்திக்கும் இடத்துக்குச் சற்று மேலே, மூளையின் அடிப்பகுதியிலுள்ள ஹைபோதலாமஸில், சுமார் 20,000 நரம்பு செல்கள் கொண்ட ஒரு சின்னக் கொத்து இருக்கிறது. உடலின் தலைமைக் கடிகாரம் அதுதான். எப்போது தூங்குவது என்பதை மட்டும் அது தீர்மானிப்பதில்லை. உடல் வெப்பம் ஏறி இறங்குவது, கார்ட்டிசால் என்ற ஹார்மோன் காலையில் உயர்வது, கல்லீரலும் கணையமும் வேலையைக் கூட்டிக் குறைப்பது என எல்லாவற்றுக்கும் நேரம் காட்டுவது அதுவே. கல்லீரல் போன்ற உறுப்புகளுக்குள்ளும் தனித்தனிக் கடிகாரங்கள் உண்டு. அவை தலைமைக் கடிகாரத்தோடு ஒத்துப்போக வேண்டும்.

தினமும் சற்றுப் பின்தங்கும் கடிகாரம்

இந்தக் கடிகாரம் வெளியிலிருந்து வரும் ஒளியின் வெறும் எதிரொலி இல்லை, உள்ளேயே ஓடுவது. 1729-இல் ழான்-ழாக் தோர்து த மேரான் என்ற பிரெஞ்சு வானியலாளர், பகலில் விரிந்து இரவில் மூடிக்கொள்ளும் இலைகளையுடைய தொட்டாற்சிணுங்கி போன்ற ஒரு செடியைத் தொடர்ந்து இருட்டில் வைத்துப் பார்த்தார். சூரியனையே காணாத அந்த இலைகள் நேரம் தவறாமல் விரிந்து மூடின. மனிதரிடம் இதையே துணிச்சலாகச் சோதித்தவர் மிஷேல் சிஃப்ர். 1962-இல், 23 வயதில், ஆல்ப்ஸ் மலையில் ஒரு பனிக் குகைக்குள் கைக்கடிகாரம் இல்லாமல் இரண்டு மாதம் தனியாக இருந்தார். செப்டம்பர் 14 அன்று அவரை வெளியே அழைத்தபோது, ஆகஸ்ட் 20 என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார். நாட்களின் எண்ணிக்கை மனதில் தவறிவிட்டது. உடல் மட்டும் 24 மணி நேரத்தைவிடச் சற்றே நீண்ட சுற்றில் ஒழுங்காகத் தூங்கி எழுந்துகொண்டிருந்தது.

செல்லுக்குள் இதை இயக்கும் பொறி ஒரு ஜீனும் அது உருவாக்கும் புரதமும். புரதம் சேர்ந்துகொண்டே வரும், போதிய அளவு ஆனதும் செல்லின் உட்கருவுக்குள் புகுந்து தன்னை உருவாக்கிய ஜீனையே நிறுத்தும். பிறகு மெல்லச் சிதையும், ஜீன் மறுபடி தொடங்கும். ஒரு சுற்றுக்கு ஏறக்குறைய ஒரு நாள். பழ ஈக்களில் இதைக் கண்டறிந்ததற்காக ஜெஃப்ரி ஹால், மைக்கேல் ராஸ்பாஷ், மைக்கேல் யங் மூவருக்கும் 2017-இல் மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது.

"ஏறக்குறைய" என்ற சொல்லில்தான் நம் தூக்கத்தின் கதை இருக்கிறது. மனிதக் கடிகாரத்தின் ஒரு சுற்று சராசரியாக 24 மணி 11 நிமிடம் என்று 1999-இல் கவனமாக அளந்து சொன்னார்கள். தினமும் 11 நிமிடம் பின்தங்கினால் ஒரு மாதத்தில் ஐந்தரை மணி நேரம் பின்தங்கிவிடும். பார்வையோடு அந்த மெலனாப்சின் செல்களையும் இழந்தவர்களில் பலருக்கு உண்மையிலேயே இப்படி நடக்கிறது. சில வாரங்கள் இரவில் நன்றாகத் தூங்குவார்கள், பிறகு சில வாரங்கள் பகலில் தூக்கம் தள்ளும், இரவெல்லாம் விழிப்பு, மறுபடி சரியாகும். மற்றவர்களுக்கு அப்படி ஆகாமல் தினமும் முள்ளைத் திருத்தி வைப்பது வெளிச்சம்.

திருத்தும் விதத்தைக் கொஞ்சம் கவனமாகப் படியுங்கள். ஒரே அளவு வெளிச்சம், அது விழும் நேரத்தைப் பொறுத்து, எதிரெதிரான வேலையைச் செய்யும். காலையில் விழும் வெளிச்சம் கடிகாரத்தை முன்னுக்குத் தள்ளும்: அன்றிரவு சீக்கிரம் தூக்கம் வரும். மாலையிலும் முன்னிரவிலும் விழுவது பின்னுக்குத் தள்ளும்: தூக்கம் தள்ளிப்போகும். இரண்டுக்கும் நடுவே உள்ள திருப்புமுனை, வழக்கமாக எழும் நேரத்துக்கு இரண்டு மூன்று மணி நேரம் முன்னால், உடல் வெப்பம் மிகக் குறைவாக இருக்கும் வேளை. நடுப்பகல் வெளிச்சம் கடிகாரத்தை அதிகம் நகர்த்தாது, ஆனால் அதற்கு வேறொரு பயன் உண்டு.

இந்த ஏற்பாட்டில் மெலடோனின் எங்கே வருகிறது? அதைப் பலர் தூக்க மருந்து போல நினைக்கிறார்கள். மூளைக்குள் இருக்கும் பினியல் சுரப்பியிலிருந்து வரும் இந்த ஹார்மோன் உண்மையில் இருள் வந்துவிட்டது என்று உடல் முழுக்கச் சொல்லும் செய்தி. இரவில் வேட்டையாடும் விலங்குகளுக்கும் இரவில்தான் இது சுரக்கிறது, அவை அதனால் தூங்கிவிடுவதில்லை. மனிதருக்கு, சூழல் மங்கலாக இருந்தால், வழக்கமான தூக்க நேரத்துக்கு இரண்டு மணி நேரம் முன்பே இது ஏறத் தொடங்கும். வெளிச்சம் பட்டால் ஏறாது, ஏற்கெனவே ஏறியிருந்தாலும் இறங்கிவிடும். தூக்கத்துக்கு இன்னொரு கை அடினோசின் என்ற பொருள். விழித்திருக்கும் ஒவ்வொரு மணிக்கும் மூளையில் சேர்ந்து அசதியைக் கூட்டுவது அது. அசதியும் கடிகாரமும் ஒரே நேரத்தில் "தூங்கு" என்று சொன்னால் படுத்ததும் தூக்கம். அசதி இருந்தும் கடிகாரம் இன்னும் மாலையிலேயே நின்றால், களைத்துப் போயும் கண் மூடாமல் புரள்வோமே, அந்த நிலை.

போன் மட்டுமா குற்றவாளி?

1980-இல் ஆல்ஃபிரட் லூயியும் சக ஆய்வாளர்களும் 2,500 லக்ஸ் ஒளி மனிதரின் மெலடோனினைக் குறைக்கிறது என்று காட்டியபோது, இவ்வளவு பிரகாசம் வேண்டும் என்றால் வீட்டு விளக்குகளால் ஆபத்தில்லை என்றே பலரும் முடிவுகட்டினார்கள். அந்த நிம்மதி நிலைக்கவில்லை. 2011-இல் 116 பேரிடம் நடந்த ஆய்வில், படுக்கும் முன் சாதாரண அறை வெளிச்சத்தில் (200 லக்ஸுக்கும் குறைவு) இருந்தவர்களுக்கு, மிக மங்கலான வெளிச்சத்தில் இருந்தபோதை விட மெலடோனின் தாமதமாகத் தொடங்கியது, சுரக்கும் காலமும் சுமார் ஒன்றரை மணி நேரம் சுருங்கியது. 2019-இல் வந்த இன்னோர் ஆய்வில், 30 லக்ஸுக்கும் குறைவான வெளிச்சமே சராசரியாக மெலடோனினைப் பாதியாக்கப் போதுமானதாக இருந்தது. அதைவிட வியப்பு, ஆளுக்கு ஆள் உணர்திறனில் ஐம்பது மடங்குக்கும் மேல் வேறுபாடு. ஒரே வீட்டில் ஒருவர் டியூப்லைட்டின் கீழே படுத்ததும் தூங்க, இன்னொருவர் சின்ன வெளிச்சத்துக்கே தவிப்பது வெறும் பழக்கக் கோளாறு என்று சொல்லிவிட முடியாது.

இனி போன், டேப்லட். 2014 இறுதியில் வெளியான ஒரு பிரபலமான ஆய்வில், 12 பேர் தொடர்ந்து ஐந்து இரவுகள் ஒளிரும் திரையிலும், வேறு ஐந்து இரவுகள் அச்சுப் புத்தகத்திலும் நான்கு மணி நேரம் படித்தார்கள். திரையில் படித்தபோது மெலடோனின் ஒன்றரை மணி நேரம் தாமதமானது, தூக்கம் வர சுமார் 10 நிமிடம் கூடுதலானது. செய்திகளில் இது பெரிதாக வந்தது. ஆனால் அந்த ஆய்வில் பங்கேற்றவர்கள் பகல் நேரத்தையும் மங்கலான அறைகளிலேயே கழித்தார்கள் என்பது அதிகம் பேசப்படவில்லை. 2016-இல் ஸ்வீடனின் உப்சாலாவில் வேறு விதமாகச் செய்து பார்த்தார்கள். பகலில் ஆறரை மணி நேரம் பிரகாசமான வெளிச்சத்தில் இருந்தவர்களை இரவில் இரண்டு மணி நேரம் டேப்லட்டில் படிக்க வைத்தார்கள். மெலடோனினில் புத்தகத்துக்கும் திரைக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

நடுப்பகல் வெளிச்சத்தின் பயன் என்று மேலே சொன்னது இதைத்தான். பகலில் நிறைய வெளிச்சம் பார்த்த கண், இரவின் சிறு வெளிச்சத்தைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. உடல் கடிகாரம் பகலுக்கும் இரவுக்கும் உள்ள இடைவெளியைத்தான் படிக்கிறது. பகல் 150 லக்ஸ், இரவு 100 லக்ஸ் என்று வாழ்பவருக்கு அது எதைப் பகல் என்று எடுத்துக்கொள்ளும்? அதனால்தான், இரவில் திரையை ஆரஞ்சு நிறமாக்கும் வசதியை மட்டும் நம்பி மற்றதையெல்லாம் விட்டுவிடுபவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. நிறத்தை மாற்றுவதைவிடத் திரையின் பிரகாசத்தைக் குறைப்பது பயன் தரும். அதைவிட, தலைக்கு மேலே எரியும் வெள்ளை எல்.இ.டி. விளக்கை அணைப்பது இன்னும் அதிகப் பயன் தரும். போன் நம்மை விழிக்க வைப்பதில் அதன் ஒளியைவிட அதில் நாம் பார்ப்பதற்கே பங்கு அதிகம் என்பதையும் மறக்க வேண்டாம்.

பகலின் வலிமையை அழகாகக் காட்டிய இன்னோர் ஆய்வு 2013-இல் வந்தது. கொலராடோ பல்கலைக்கழகத்தின் கென்னத் ரைட்டும் குழுவினரும் எட்டுப் பேரை ராக்கி மலைத்தொடரில் ஒரு வாரம் கூடாரமிட்டுத் தங்க வைத்தார்கள். டார்ச் கிடையாது, போன் கிடையாது. சூரியனும் விறகுத் தீயும் மட்டும். வழக்கமான வாழ்க்கையைவிட நான்கு மடங்குக்கும் மேல் வெளிச்சம் அவர்களுக்குக் கிடைத்தது. ஒரே வாரத்தில் அவர்களின் உடல் கடிகாரம் சுமார் இரண்டு மணி நேரம் முன்னுக்கு வந்து சூரியனோடு ஒட்டிக்கொண்டது. "நான் இரவில் விழித்திருக்கும் ஆள்" என்று இருந்தவர்கள்தான் அதிகம் மாறினார்கள். பிறவிக் குணம் என்று நாம் நினைப்பதில் ஒரு பகுதி, நாம் வாழும் வெளிச்சத்தின் விளைவு.

தூக்கத்தைத் தாண்டி

2022-இல் அமெரிக்காவின் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தில் ஆரோக்கியமான இளைஞர்கள் 20 பேரிடம் ஒரு சோதனை நடந்தது. ஒரு பாதியினர் 100 லக்ஸ் வெளிச்சத்தில் ஓர் இரவு தூங்கினார்கள். கண்கள் மூடித்தான் இருந்தன. ஆனாலும் இதயத் துடிப்பு இரவு முழுக்கச் சற்று உயர்ந்தே இருந்தது, மறுநாள் காலை இன்சுலின் எதிர்ப்பு, அதாவது ரத்தச் சர்க்கரையைக் கட்டுப்படுத்தும் இன்சுலினுக்கு உடல் சரியாக இணங்காத நிலை, கூடியிருந்தது. சிறிய ஆய்வு, ஒரே இரவு. இதை வைத்துச் சர்க்கரை நோய் வரும் என்று பயமுறுத்த முடியாது. இமைகள் முழு மறைப்பு இல்லை என்பதையாவது இதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். 2023-இல் பிரிட்டனில் சுமார் 87,000 பேரின் மணிக்கட்டில் ஒளி அளக்கும் கருவி கட்டிப் பெற்ற தரவுகள் வெளியாயின. இரவில் அதிக வெளிச்சத்தில் இருந்தவர்களிடம் மனச்சோர்வு அதிகமாகவும், பகலில் அதிக வெளிச்சம் பெற்றவர்களிடம் குறைவாகவும் காணப்பட்டது. மனச்சோர்வு உள்ளவர்கள் வெளியே போகாமல் இருப்பதும் இதற்குக் காரணமாக இருக்கலாம் என்பதால், எது முதல் எது பின் என்று இந்த ஒரு தரவை வைத்துச் சொல்லிவிட முடியாது. ஆனால் குளிர்காலத்தில் பகல் சுருங்கும் நாடுகளில் வரும் பருவகால மனச்சோர்வை நார்மன் ரோசந்தாலும் சக ஆய்வாளர்களும் 1984-இல் விவரித்தது முதல், காலையில் 10,000 லக்ஸ் விளக்கின் முன் அரை மணி நேரம் உட்காருவது அதற்கான ஏற்கப்பட்ட சிகிச்சையாகிவிட்டது.

இரவுப் பணி இன்னும் கடினமான விஷயம். உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு, உடல் கடிகாரத்தைக் குலைக்கும் ஷிப்ட் பணியைப் "புற்றுநோய் உண்டாக்க வாய்ப்புள்ளது" என்ற பிரிவில் 2007-இல் சேர்த்தது, 2019-இல் மறுபடி உறுதிசெய்தது. நர்சுகளும் காவலர்களும் ஓட்டுநர்களும் வேலையை விட்டுவிட முடியாது. அவர்களால் செய்யக்கூடியது, பணியின் முதல் பாதியில் நல்ல வெளிச்சத்தில் இருப்பது, வீடு திரும்பியதும் படுக்கும் அறையைக் கும்மிருட்டாக்குவது. வண்டி ஓட்டாமல் வீடு திரும்புபவர் வழியில் கறுப்புக் கண்ணாடி அணியலாம். ஓட்டுபவர் அணியக் கூடாது, தூக்கக் கலக்கத்தில் அது ஆபத்து. வாரத்துக்கு வாரம் ஷிப்டை மாற்றும் நிர்வாகங்கள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும். தனி மனிதர் எவ்வளவு கவனமாக இருந்தாலும், மாறிக்கொண்டே இருக்கும் அட்டவணையோடு கடிகாரத்தை ஓட வைக்க முடியாது.

குழந்தைகளுக்குப் பகல் வெளிச்சம் கண்ணுக்கும் மருந்து. வெளியில் அதிக நேரம் இருக்கும் பிள்ளைகளுக்குக் கிட்டப்பார்வை தொடங்குவது குறைகிறது என்பது பல ஆய்வுகளில் உறுதியாகியிருக்கிறது. சீனாவின் குவாங்சோவில் பள்ளி நாட்களில் 40 நிமிடம் கூடுதலாக வெளியே விட்டதிலேயே வித்தியாசம் தெரிந்தது. மாலை வெளிச்சத்துக்கோ குழந்தைகளின் கண்கள் பெரியவர்களுடையதைவிட அதிகம் மசியும். முதியவர்களுக்கு நேர்மாறு. கண்ணின் லென்ஸ் வயதாக ஆக மஞ்சளாகி நீல ஒளியைத் தடுப்பதால், அதே பலனுக்கு அவர்களுக்கு இன்னும் கூடுதலான பகல் வெளிச்சம் தேவைப்படும். வீட்டுக்குள்ளேயே இருக்கும் பாட்டி மதியமெல்லாம் உறங்கி இரவெல்லாம் விழித்திருக்கிறார் என்றால், மாத்திரையை யோசிக்கும் முன் அவர் நாற்காலியை ஜன்னலோரம் நகர்த்திப் பாருங்கள்.

அப்படியானால் என்ன செய்யலாம்?

என்னைக் கேட்டால் காலையிலிருந்து தொடங்குங்கள். எழுந்த ஒரு மணி நேரத்துக்குள் வெளியே அரை மணி நேரம், மேகமூட்டமான நாளில் இன்னும் கொஞ்சம் கூடுதலாக. நடக்கலாம், சும்மா நிற்கலாம். சூரியனை நேராகப் பார்க்க வேண்டாம், பார்க்கவும் கூடாது. திறந்த வானத்தின் கீழே இருந்தாலே போதும். கண்ணாடி ஜன்னல் வழியே வரும் ஒளியும் கடிகாரத்துக்கு உதவும், ஆனால் ஜன்னலிலிருந்து நாலைந்து அடி உள்ளே போனாலே அளவு வெகுவாகக் குறைந்துவிடும். (வைட்டமின் டி வேறு கணக்கு. அதற்குத் தோலில் படும் புறஊதா கதிர் வேண்டும், அதைக் கண்ணாடி தடுத்துவிடும்.) மேசையை ஜன்னல் பக்கம் போடுங்கள். மதிய இடைவேளையில் பத்து நிமிடமாவது வெளியே வாருங்கள். விடுமுறை நாளில் மதியம் வரை தூங்கினால் காலை வெளிச்சம் தவறிப்போகும்; திங்கட்கிழமைக்கு முந்தைய இரவு தூக்கம் வராததற்கு அதுவே பெரும்பாலும் காரணம்.

மாலைக்கு, 2022-இல் இத்துறை நிபுணர்கள் கூடி ஒரு அளவுகோல் தந்தார்கள். மெலனாப்சின் செல்களுக்கு ஏற்ப எடைபோட்ட லக்ஸ் கணக்கில், பகலில் கண்ணருகே குறைந்தது 250, படுப்பதற்கு முந்தைய மூன்று மணி நேரம் அதிகபட்சம் 10, தூங்கும்போது அதிகபட்சம் 1. வீட்டில் யாரும் அளந்துகொண்டிருக்கப் போவதில்லை. கூரை விளக்கை அணைத்துவிட்டு, கண்மட்டத்துக்குக் கீழே இருக்கும் மஞ்சள் நிறச் சிறு விளக்கொன்றைப் போட்டால் அந்த எல்லைக்கு ஓரளவு பக்கத்தில் வந்துவிடலாம். நடு இரவில் எழுந்து போக வேண்டியிருந்தால், தரையோரம் மங்கலான சிவப்பு அல்லது மஞ்சள் விளக்கு. முதியவர்கள் இருக்கும் வீட்டில் இருட்டுக்காக அதையும் அணைத்துவிடாதீர்கள், விழுந்தால் எலும்பு முறியும்.

வெளிச்சத்தால் தீராத தூக்கக் கோளாறுகளும் உண்டு. உரத்த குறட்டை, தூக்கத்தில் மூச்சு நின்று நின்று வருவது, போதிய நேரம் தூங்கியும் பகலில் கண் செருகுவது ஆகியவற்றுக்கு மருத்துவரைத்தான் பார்க்க வேண்டும். இருமுனை மனநோய் உள்ளவர்களும் விழித்திரை நோய் உள்ளவர்களும் 10,000 லக்ஸ் விளக்குகளைத் தாமாக வாங்கிப் பயன்படுத்தக் கூடாது. சிலருக்கு அது மன எழுச்சியைத் தூண்டிவிடும். மருத்துவரிடம் போவதற்கு முன் இரண்டு வாரம், எப்போது எழுந்தீர்கள், எப்போது படுத்தீர்கள், பகலில் எவ்வளவு நேரம் வெளியில் இருந்தீர்கள் என்று ஒரு தாளில் குறித்துக்கொண்டு போங்கள். தூக்கம் எத்தனை மணி நேரம் என்று எல்லோரும் கேட்பார்கள், வெளியில் எவ்வளவு நேரம் என்று கேட்காமல் போகலாம். நீங்களாகவே சொல்லிவிடுங்கள்.